கேம் முடிந்தது மவுஸுக்குத் தெரியவில்லை: தானாக மாறும் புரொஃபைல்கள் ஏன் தடுமாறுகின்றன?

சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு. கவுண்டர் ஸ்ட்ரைக் ஆடி முடித்துவிட்டு, மறுநாள் விடுப்பு கேட்டு மேலாளருக்கு மின்னஞ்சல் எழுதிக்கொண்டிருந்தேன். பிரவுசரில் முந்தைய பக்கத்துக்குப் போக, பழக்கதோஷத்தில் மவுஸின் பக்கவாட்டுப் பொத்தானை அழுத்தினேன். பக்கம் நகரவில்லை. கடிதத்தின் நடுவே 'ஜி' என்ற ஆங்கில எழுத்து விழுந்தது. மறுபடி அழுத்தினேன், இன்னொரு ஜி. கேமில் கையிலிருக்கும் துப்பாக்கியைக் கீழே போடுவதற்கான விசை அது. ஆக, விடுப்புக் கடிதத்துக்குள் இரண்டு துப்பாக்கிகளைப் போட்டிருந்தேன்.

கேமை மூடிப் பத்து நிமிடம் ஆகியிருந்தது. மவுஸ் மட்டும் இன்னும் சண்டையில் இருந்தது. எந்தப் பொத்தான் என்ன செய்யும், பாயிண்டர் எவ்வளவு வேகம், விளக்கு என்ன நிறம் என்ற அமைப்புகளின் தொகுப்புக்குப் பெயர் புரொஃபைல். கேம் திறந்தால் கேம் புரொஃபைல், மூடினால் சாதாரண புரொஃபைல் என்று தானாக மாறிக்கொள்ளும்படி நான்தான் அமைத்து வைத்திருந்தேன். மாறவில்லை.

கேமிங் மவுஸோ கீபோர்டோ வைத்திருக்கும் யாரைக் கேட்டாலும் இப்படி ஒரு கதை இருக்கும். லாஜிடெக்கின் ஜி ஹப், ரேசரின் சினாப்ஸ், கோர்செயரின் ஐக்யூ, ஸ்டீல்சீரிஸின் ஜிஜி என்று எந்த சாஃப்ட்வேரை எடுத்தாலும் இந்த வசதி உண்டு. எதிலும் அது நூறு சதவீதம் ஒழுங்காக நடப்பதில்லை. நிறுவனங்களைத் திட்டிவிட்டுப் போகலாம், அதில் கொஞ்சம் நியாயமும் உண்டு. ஆனால் இந்த வசதி உள்ளே எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்துகொண்டால், தடுமாற்றங்களில் பெரும்பாலானவை ஒரே இடத்திலிருந்து கிளம்புவது புரியும்.

முன்னால் நிற்பது யார்?

'கேம்' என்றால் என்ன என்று அந்த சாஃப்ட்வேருக்குத் தெரியாது. முதலில் மனதில் வாங்கிக்கொள்ள வேண்டியது இதைத்தான். அதற்குத் தெரிந்ததெல்லாம் ஒரு கோப்பின் பெயர், அந்தக் கோப்பு இருக்கும் ஃபோல்டர், அவ்வளவே.

விண்டோஸில் எத்தனை விண்டோ திறந்திருந்தாலும் ஒரு நேரத்தில் ஒன்றுதான் 'முன்னால் இருக்கும் விண்டோ'. கீபோர்டில் நீங்கள் தட்டுவது எதற்குப் போய்ச் சேருகிறதோ, அது. எந்த நிரலும் விண்டோஸிடம் "இப்போது முன்னால் இருப்பது யார்?" என்று கேட்கலாம். அல்லது, "முன்னால் நிற்பவர் மாறும்போதெல்லாம் எனக்குச் சொல்லு" என்று பதிந்து வைக்கலாம். பதிலாக விண்டோவின் அடையாள எண் வரும். அதிலிருந்து அந்த விண்டோவை நடத்தும் புராசஸ் (ஓடிக்கொண்டிருக்கும் நிரல்), புராசஸிலிருந்து அதன் எக்ஸ்இ கோப்பு, அதாவது நிரலை ஓட்டும் கோப்பு, ஹார்டுடிஸ்கில் எங்கே இருக்கிறது என்ற முழு முகவரி. மவுஸ் சாஃப்ட்வேர் அந்த முகவரியைத் தன்னிடம் உள்ள பட்டியலோடு ஒப்பிடும். பொருந்தினால் அதற்கான புரொஃபைல், இல்லையென்றால் டீஃபால்ட், அதாவது சாதாரண புரொஃபைல்.

இத்தனையும் கண் இமைக்கும் நேரத்தில் நடக்கிறது. நடப்பது வாசலில் நிற்கும் காவலாளி பெயர்ப் பட்டியலைப் பார்த்து ஆளை உள்ளே விடுவது போன்ற வேலைதான். பெயர் சரியாக இருந்தால் ஆளும் சரி. பெயரில் ஓர் எழுத்து மாறினால், நேற்று வரை வந்து போனவரையே இன்று யாரென்று தெரியாது.

2023 செப்டம்பர் 27 அன்று இது பெரிய அளவில் நடந்தது. வால்வ் நிறுவனம் கவுண்டர் ஸ்ட்ரைக் குளோபல் அஃபென்சிவ் கேமின் இடத்தில் கவுண்டர் ஸ்ட்ரைக் 2-ஐ வைத்தது. ஸ்டீம் என்ற இணைய கேம் கடையில் அதே இடம், அதே அப்டேட் வழி. ஹார்டுடிஸ்கில் ஃபோல்டரின் பெயர்கூடப் பழைய பெயர்தான். ஆனால் 'சிஎஸ்ஜிஓ.எக்ஸ்இ' போய் 'சிஎஸ்2.எக்ஸ்இ' வந்தது, அதுவும் வேறொரு உள் ஃபோல்டரில். ஆடுகிறவருக்கு அதே கேமின் அடுத்த பதிப்பு. பழைய கோப்பை மட்டும் பட்டியலில் வைத்திருந்த மவுஸ் சாஃப்ட்வேருக்கோ முன்பின் பார்த்திராத புது ஆள். இப்படித்தான் ஜிடிஏ 5-இன் 'என்ஹான்ஸ்டு' பதிப்பு 2025 மார்ச்சில் வந்தபோதும் கேமின் கோப்புப் பெயர் மாறியது.

ஒரே கேம், மூன்று கோப்பு

எக்ஸ்இ பெயரை வைத்து அடையாளம் காண்பதில் உள்ள சிக்கல்கள் பல வகை. மிகப் பொதுவானது லாஞ்சர், அதாவது கேமைத் திறந்துவிடும் முன்நிரல். நீங்கள் டெஸ்க்டாப்பில் இரட்டை கிளிக் செய்யும் ஐகானும், கடைசியில் திரையில் ஓடும் கேமும் பல சமயம் வேறு வேறு நிரல்கள். லீக் ஆஃப் லெஜெண்ட்ஸில் நண்பர்கள் பட்டியலும் வரிசையில் காத்திருப்பதும் ஒரு நிரல். மேட்ச் தொடங்கியதும் திறப்பது இன்னொன்று. அன்ரியல் எஞ்சினில் செய்த கேம்களில் வெளி ஃபோல்டரில் பெயருக்கு ஒரு குட்டி எக்ஸ்இ இருக்கும். நிஜமான கேம் 'பைனரிஸ்' ஃபோல்டருக்குள் 'வின்64' என்ற ஃபோல்டரில், 'ஷிப்பிங்' என்று முடியும் நீண்ட பெயரோடு உட்கார்ந்திருக்கும். வேலரன்ட், ஃபோர்ட்நைட் இரண்டிலும் நிஜமான கோப்பின் பெயர் இப்படித்தான் முடியும். கையால் கேமைச் சேர்ப்பவர்கள் கண்ணில் முதலில் படுவது வெளியே இருக்கும் குட்டிதான். அதைச் சேர்த்துவிட்டு, "சேர்த்துட்டேனே, ஏன் மாறல?" என்று தலையைச் சொறிவார்கள்.

நேர்மாறான சிக்கலும் உண்டு: பல கேம், ஒரே பெயர். ஆர்பிஜி மேக்கரில் செய்து வெளியிடப்படும் கேம்களில் ஏகப்பட்டவற்றின் கோப்புப் பெயர் வெறும் 'கேம்.எக்ஸ்இ'. தெருவில் நின்று முருகா என்று கூப்பிட்டால் நாலு பேர் திரும்புவதுபோல, முகவரியைப் பார்க்காமல் பெயரை மட்டும் பார்க்கும் சாஃப்ட்வேர் இவை எல்லாவற்றுக்கும் ஒரே புரொஃபைலைக் கொடுத்துவிடும்.

மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு இதில் தனி ரகம். அது ஓடும்போது விண்டோஸ் கண்ணுக்குத் தெரிவது மைன்கிராஃப்ட் அல்ல, ஜாவா. கோப்பின் பெயர் 'ஜாவாடபிள்யூ.எக்ஸ்இ'. ஜாவாவில் எழுதிய வேறு எந்த நிரலும் அதே பெயரில் வரலாம். அது பரவாயில்லை, முழு முகவரியைக் கொடுத்துவிடலாம் என்று பார்த்தால், அங்கேயும் ஒரு பள்ளம். மைன்கிராஃப்ட் லாஞ்சர் தனக்கான ஜாவாவைத் தானே இறக்கி வைத்துக்கொள்கிறது, அதுவும் ஒன்றல்ல. 1.17 பதிப்புக்கு ஜாவா 16 வேண்டும், 1.18-க்கு 17, 1.20.5 முதல் 21, பழைய பதிப்புகளுக்கு 8. ஒவ்வொன்றும் தனித்தனி ஃபோல்டர். நண்பரின் பழைய சர்வரில் சேர 1.16-ஐத் திறந்தால், போன வாரம் 1.21-இல் ஒழுங்காக வேலை செய்த புரொஃபைல் காணாமல் போகும். பட்டியலில் எல்லா ஜாவாவையும் சேர்ப்பதுதான் வழி.

வீடியோ எடிட்டிங் செய்பவர்களுக்கும் இதே தலைவலி வேறு உருவில் வருகிறது. பிரீமியர் புரோவில் கட், ரிப்பிள் டெலீட் எல்லாம் மவுஸ் பொத்தானில் வைத்திருப்பார்கள். அடோபி ஆண்டுப் பதிப்பு மாறும்போது புது நிரல் புது ஃபோல்டரில் போய் உட்காரும், ஃபோல்டர் பெயரிலேயே ஆண்டு இருக்கும். முழு முகவரியை நம்பியிருந்த புரொஃபைல் பழைய பதிப்போடு நின்றுவிடும்.

பட்டியலால் தீர்க்கவே முடியாத வகையும் இருக்கிறது. ஆண்ட்ராய்டு கேம்களைக் கணினியில் ஓட்டும் புளூஸ்டாக்ஸில் ஃப்ரீ ஃபயர் மேக்ஸ் ஆடினாலும் சரி, கேண்டி கிரஷ் ஆடினாலும் சரி, விண்டோஸுக்குத் தெரிவது 'ஹெச்டி பிளேயர்' என்ற ஒரே நிரல். ஜிஃபோர்ஸ் நவ் போன்ற கிளவுட் கேமிங்கில், கேம் எங்கோ ஒரு டேட்டா சென்டரில் ஓடுகிறது. உங்கள் கணினியில் இருப்பது அதைக் காட்டும் ஒரு திரை மட்டும். பிரவுசரிலும் அதே கதை. ஒரு டேபில் கேம், இன்னொன்றில் கூகுள் டாக்ஸ், இரண்டும் ஒரே குரோம். இங்கெல்லாம் மவுஸ் சாஃப்ட்வேரிடம் கேட்டுப் பயனில்லை. புளூஸ்டாக்ஸுக்குள்ளேயே கேமுக்கு ஒரு விசை அமைப்பு வைத்துக்கொள்ளும் வசதி இருக்கிறது. எந்த கேம் ஓடுகிறது என்று அதற்கு உண்மையிலேயே தெரியும். தெரிந்தவரிடம் வேலையைக் கொடுப்பதுதான் முறை.

சரியான கோப்பு எது என்று கண்டுபிடிக்கப் பெரிய வித்தை தேவையில்லை. கேம் ஓடிக்கொண்டிருக்கும்போது ஆல்ட்+டேப் போட்டு வெளியே வந்து, டாஸ்க் மேனேஜரைத் திறந்து, கேமின் மேல் வலது கிளிக் செய்து கோப்பு இருக்கும் இடத்தைத் திறக்கச் சொன்னால் போதும். எந்த எக்ஸ்இ ஓடுகிறதோ அதுவே தேர்வாகி நிற்கும். அதைச் சேருங்கள். ஸ்டார்ட் மெனு ஐகானையோ டெஸ்க்டாப் ஐகானையோ வைத்து ஊகிக்க வேண்டாம்.

நடுவில் புகுந்து கெடுப்பவர்கள்

சரியான கோப்பைச் சேர்த்த பிறகும் நடு ஆட்டத்தில் திடீரென்று மவுஸ் வேகம் மாறுகிறது என்பார்கள். காரணம், முன்னால் இருக்கும் விண்டோ என்பது நீங்கள் நினைப்பதைவிட அடிக்கடி மாறுகிறது. விண்டோஸ்+ஜி அழுத்தினால் கேம் பார் முன்னால் வரும். இரண்டாவது மானிட்டரில் டிஸ்கார்டைக் கிளிக் செய்தால் அது முன்னால் வரும். அப்டேட் கேட்டு எட்டிப் பார்க்கும் ஏதோ ஒரு பெட்டி ஒரு கணம் முன்னால் வந்தாலும், அந்தக் கணத்துக்கு உங்கள் மவுஸ் டீஃபால்ட்டுக்குப் போய்த் திரும்பும்.

இதில் சாஃப்ட்வேருக்கு சாஃப்ட்வேர் நடத்தை வேறு. சில, விண்டோ பின்னால் போன உடனே புரொஃபைலை விட்டுவிடும். சில, வேறொரு பட்டியலிட்ட நிரல் முன்னால் வரும் வரை பழையதைப் பிடித்துக்கொண்டே இருக்கும். என் விடுப்புக் கடிதத்தில் துப்பாக்கி விழுந்தது அந்த இரண்டாவது வகையால் என்று பிறகு கண்டுபிடித்தேன். பிரவுசர் பட்டியலில் இல்லை. ஆகவே மாறுவதற்கு அதற்கு ஒரு காரணமும் கிடைக்கவில்லை. பிரவுசரையும் ஒரு நிரலாகச் சேர்த்து, சாதாரண புரொஃபைலை அதற்குக் கொடுத்ததும் சரியாகிவிட்டது. எது சரியான நடத்தை என்று என்னால் அடித்துச் சொல்ல முடியாது. முதல் வகை கேமுக்குள் கெடுக்கிறது, இரண்டாவது வகை வெளியே கெடுக்கிறது.

மாறும் அந்தக் கணத்திலேயே நடக்கும் இன்னொரு விபத்து இருக்கிறது. கேம் புரொஃபைலில் பக்கவாட்டுப் பொத்தானுக்கு ஷிஃப்ட் விசையைக் கொடுத்திருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம், ஓடுவதற்கு. அதை அழுத்திப் பிடித்தபடியே ஆல்ட்+டேப் போடுகிறீர்கள். அழுத்தும்போது கேம் புரொஃபைல்: "ஷிஃப்ட் அழுத்தப்பட்டது" என்று கணினிக்குச் செய்தி போய்விட்டது. விடும்போது டீஃபால்ட் புரொஃபைல்: அதில் அந்தப் பொத்தான் 'பின்னால் போ'. ஷிஃப்டை விட்டுவிட்டேன் என்று சொல்ல வேண்டியவர் நடுவிலேயே கிளம்பிப் போய்விட்டார். இனி நீங்கள் தட்டுவதெல்லாம் பெரிய எழுத்தில் வரும், ஒரு கோப்பைக் கிளிக் செய்தால் பத்துக் கோப்பு தேர்வாகும். கணினிக்கு வைரஸ் வந்துவிட்டது என்று பயந்தவர்கள்கூட உண்டு. கீபோர்டில் நிஜமான ஷிஃப்ட் விசையை ஒரு தடவை தட்டினால் பேய் இறங்கிவிடும்.

நல்ல சாஃப்ட்வேர், புரொஃபைலை விடுமுன் அழுத்தியிருக்கும் விசைகளையெல்லாம் விடுவித்துவிட வேண்டும். எல்லாம் அப்படிச் செய்வதில்லை. லாஜிடெக் சாஃப்ட்வேரில் லுவா மொழியில் ஸ்கிரிப்ட் எழுதுபவர்களுக்கு, புரொஃபைல் உள்ளே வரும்போதும் வெளியே போகும்போதும் தனித்தனி நிகழ்வுச் செய்தி கிடைக்கும். வெளியே போகும் நிகழ்வில் எல்லா விசையையும் விடுவிக்கும் நாலு வரியை எழுதி வைப்பது நல்லது. ஒரு தடவை அழுத்தினால் ஓடிக்கொண்டே இருக்கும் வகை மேக்ரோக்களுக்கு (ஒரே பொத்தானில் அடுக்கி வைத்த விசைத் தொடர்கள்) இது இன்னும் அவசியம்.

அட்மினிஸ்ட்ரேட்டராக ஓடும் கேம்களில் இன்னொரு குழப்பம் வரும். புரொஃபைல் மாறியிருக்கும், விளக்கின் நிறம்கூட மாறியிருக்கும், மேக்ரோ மட்டும் வேலை செய்யாது. விஸ்டா காலத்திலிருந்தே விண்டோஸில் ஒரு விதி: குறைந்த அதிகாரத்தில் ஓடும் நிரல், அதிக அதிகாரத்தில் ஓடும் நிரலுக்குள் போலி விசையழுத்தங்களைத் திணிக்க முடியாது. தனக்கென்று டிரைவர் வைத்து, நிஜமான கீபோர்டு போலவே நடித்து விசைகளை அனுப்பும் சாஃப்ட்வேருக்கு இந்தத் தடை பொருந்தாது. மற்றவை மாட்டிக்கொள்ளும். இதற்காக மவுஸ் சாஃப்ட்வேரையும் அட்மினாக ஓட்டச் சொல்லும் ஆலோசனை எல்லா இடத்திலும் கிடைக்கும். முடிந்தால் அதற்கு எதிர்த்திசையில் போங்கள்: அந்த கேம் ஏன் அட்மினாக ஓடுகிறது என்று பாருங்கள். பெரும்பாலும் எப்போதோ யாரோ சொன்னார் என்று நாமே டிக் போட்டு வைத்ததுதான்.

தோற்றால் எங்கே போய் விழும்?

இத்தனை ஓட்டைகளும் தெரிந்த பிறகு, தானாக மாறுவதை எப்படிப் பிழையில்லாமல் ஓட வைப்பது என்று மண்டையை உடைத்துக்கொள்வதை நான் விட்டுவிட்டேன். மாறாமல் போனால் எந்தப் புரொஃபைலில் போய் நிற்கும், அங்கே நின்றால் எனக்கு என்ன சேதம் என்பதை மட்டும் பார்க்கிறேன்.

இதை எனக்குப் புரியவைத்தது ஸ்னாப் டேப் விவகாரம். 2024 ஜூலையில் ரேசர் தன் ஹன்ட்ஸ்மன் வி3 புரோ கீபோர்டுகளுக்கு இந்த வசதியைக் கொடுத்தது. ஏ விசையை அழுத்திக்கொண்டிருக்கும்போதே டி விசையை அழுத்தினால், ஏ-வை நீங்கள் விடாவிட்டாலும் கீபோர்டே அதை விட்டதாகக் கணக்கில் எடுத்துக்கொள்ளும். இடது வலது தாவல் கத்தியால் வெட்டியதுபோல் துல்லியமாக இருக்கும். வூட்டிங் நிறுவனமும் தன் கீபோர்டுகளில் இதே வேலையைச் செய்யும் வசதியைக் கொண்டுவந்தது. 2024 ஆகஸ்ட் 19 அன்று வால்வ் குறுக்கே வந்தது: கவுண்டர் ஸ்ட்ரைக் 2-இன் அதிகாரபூர்வ சர்வர்களில், ஒரே அழுத்தத்தில் பல செயல்களைச் செய்யும் இத்தகைய தானியக்கம் தென்பட்டால் மேட்சிலிருந்து வெளியேற்றுவோம், சேருமுன் அந்த வசதிகளை அணைத்துவிடுங்கள் என்றது.

எல்லா கேமும் இப்படித் தடுக்கவில்லை. ஆகவே, ஒரு கேமில் ஸ்னாப் டேப் வேண்டும், கவுண்டர் ஸ்ட்ரைக்கில் கூடவே கூடாது என்ற நிலைமை பலருக்கு. தானாக மாறும் புரொஃபைலுக்கு இதைவிடப் பொருத்தமான வேலை கிடைக்காது. இரண்டு விதமாக அமைக்கலாம். டீஃபால்ட்டில் ஸ்னாப் டேப் இருக்கட்டும், கவுண்டர் ஸ்ட்ரைக்குக்கு மட்டும் அணைத்த புரொஃபைல் என்பது ஒன்று. டீஃபால்ட்டில் அணைந்தே இருக்கட்டும், வேண்டிய கேமுக்கு மட்டும் போடும் புரொஃபைல் என்பது மற்றது. எல்லாம் ஒழுங்காக ஓடும் நாளில் இரண்டுக்கும் வித்தியாசமே இல்லை. அப்டேட்டில் கோப்புப் பெயர் மாறிய நாளில்தான் வித்தியாசம் தெரியும். முதல் வழியில் போனவர் ரேங்க் மேட்சிலிருந்து தூக்கியெறியப்படுவார். இரண்டாவது வழியில் போனவருக்கு ஒரு வசதி குறையும், அவ்வளவுதான்.

ஆகவே டீஃபால்ட் புரொஃபைல் முடிந்தவரை சப்பென்று இருக்க வேண்டும். மேக்ரோ கூடாது, விசை மாற்றம் கூடாது, பக்கவாட்டுப் பொத்தான்கள் முன்னே பின்னே மட்டும். எந்த நிரலில் போய் நின்றாலும் அது யாரையும் கடிக்காது. பலர் தங்களுக்கு மிகவும் பிடித்த கேமின் அமைப்பையே டீஃபால்ட்டாக வைத்திருப்பார்கள். எனக்குத் தெரிந்த மோசமான விபத்துகள் அந்த வீடுகளில்தான் நடந்தன.

எதைப் புரொஃபைலுக்குள் வைக்காமல் இருப்பது என்பதும் இதோடு சேர்ந்தது. முதல் ஆள் டிபிஐ, அதாவது மவுஸை ஓர் அங்குலம் நகர்த்தினால் அது எத்தனை புள்ளிகளாக எண்ணும் என்ற அளவு. கேமில் 800, டெஸ்க்டாப்பில் 1600 என்று வைத்திருப்பவர்கள் ஏராளம். புரொஃபைல் ஒரு கணம் சறுக்கினாலும் குறி இரண்டு மடங்கு தூரம் ஓடிவிடும். இதற்குத் தேவையே இல்லை. கேமில் உங்கள் கை உணரும் வேகம் டிபிஐயையும் கேமின் சென்சிட்டிவிட்டியையும் பெருக்கி வருவது. 800-ஐ 1.0-ஆல் பெருக்கினாலும் 1600-ஐ 0.5-ஆல் பெருக்கினாலும் விடை ஒன்றே. எல்லா இடத்திலும் 1600 வைத்துக்கொண்டு, கேமுக்குள் சென்சிட்டிவிட்டியைப் பாதியாக்கிவிட்டால் போயிற்று. டெஸ்க்டாப்பில் வேகம் ஒத்துவரவில்லையென்றால் விண்டோஸின் பாயிண்டர் வேகத்தைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ளலாம். மவுஸின் அசைவை நேரடியாகப் படிக்கும் ரா இன்புட் முறையைப் பயன்படுத்தும் கேம்களை அது தொடாது. ஏற்றுவதை மட்டும் தவிர்க்கலாம். பதினொரு படிகளில் நடுவில் இருக்கும் ஆறாவதுதான் ஒன்றுக்கு ஒன்று. அதற்கு மேல் போனால் பாயிண்டர் பிக்சல்களைத் தாண்டித் தாண்டிப் போகும்.

போலிங் ரேட், அதாவது மவுஸ் நொடிக்கு எத்தனை தடவை கணினிக்குச் செய்தி அனுப்புகிறது என்பது, வேறு கதை. 8000 ஹெர்ட்ஸில் ஓடும் மவுஸ் சில பழைய கேம்களைத் திணற வைக்கும், வயர்லெஸ் என்றால் பேட்டரியையும் குடிக்கும். அங்கே கேமுக்கு ஒரு எண், வெளியே 1000 என்று பிரிப்பதில் அர்த்தம் இருக்கிறது. அதேபோல், காந்த ஸ்விட்ச் கீபோர்டுகளில் விசை எவ்வளவு ஆழம் போனால் பதிய வேண்டும் என்ற அளவு. வூட்டிங் 60ஹெச்இ-யில் இதை 0.1 மில்லிமீட்டர் வரை இறக்கலாம். கேமில் அருமை. அதே அளவில் ஒரு பத்தி தட்டிப் பாருங்கள், விரல் நிழல் பட்டாலே எழுத்து விழும். இதற்குப் புரொஃபைல் கட்டாயம் வேண்டும். டீஃபால்ட்டில் ஒன்றரை, இரண்டு மில்லிமீட்டர் இருக்கட்டும்.

பொறுப்பை மவுஸிடமே ஒப்படைப்பது

சாஃப்ட்வேரையே நம்பாத ஒரு பழைய வழியும் இருக்கிறது: ஆன்போர்டு மெமரி. மவுஸுக்குள் இருக்கும் சிறிய நினைவகத்தில் புரொஃபைல்களை எழுதி வைத்துவிடுவது. லாஜிடெக்கின் ஜி502 ஹீரோவில் ஐந்து வைக்கலாம். விலை குறைந்த ஜி304-இல் ஒன்றே ஒன்று. எழுதிவிட்டால் சாஃப்ட்வேர் ஓட வேண்டியதே இல்லை. அலுவலகக் கணினியில் செருகினாலும், லினக்ஸில் செருகினாலும், விண்டோஸ் ஏறுமுன் வரும் பயோஸ் திரையிலும் அதே அமைப்பு. மாற்ற வேண்டுமென்றால் அதற்கென ஒதுக்கிய பொத்தானை நீங்களே அழுத்த வேண்டும்.

தானாக மாறுவது இங்கே நடக்காது. எந்த விண்டோ திறந்திருக்கிறது என்று மவுஸுக்கு எப்படித் தெரியும்? இந்த எளிய விஷயம் நிறையப் பேரின் நாளைத் தின்றிருக்கிறது. ஜி ஹப்பில் ஆன்போர்டு மெமரி மோடைப் போட்டுவிட்டு, கேம் புரொஃபைல் ஏன் வரவில்லை என்று சாஃப்ட்வேரை அழித்து அழித்து மீண்டும் ஏற்றுவார்கள். எல்லா கேமுக்கும் ஒரே புரொஃபைலைப் பூட்டி வைக்கும் வசதியும் அப்படித்தான்; என்றோ போட்டது இன்று மறந்திருக்கும். மாறவில்லை என்றால் முதலில் பார்க்க வேண்டியவை இந்த இரண்டும்தான், கோப்புப் பெயரெல்லாம் அதற்கு அப்புறம்.

வயர்லெஸ் மவுஸ் வைத்திருப்பவர்களுக்கு இரண்டு உலகமும் கலந்து வரும். சாஃப்ட்வேர் அனுப்பும் அமைப்புகள் பல சாதனங்களில் தற்காலிகமானவை. மவுஸை அணைத்துப் போட்டால் மறந்துபோகும், இணைந்ததும் சாஃப்ட்வேர் மறுபடி சொல்லிக்கொடுக்க வேண்டும். அந்த இடைவெளியில் இருப்பது ஆன்போர்டு அமைப்பு. ஆகவே சாஃப்ட்வேரை நம்புகிறவர்களும் ஆன்போர்டு மெமரியின் முதல் இடத்தில் டீஃபால்ட்டின் நகல் ஒன்றை எழுதி வைப்பது நல்லது. குறைந்தபட்சம் டிபிஐயாவது ஒன்றாக இருக்கட்டும்.

லினக்ஸில் நிலைமை சுவாரசியமானது. பைப்பர் என்ற நிரல், அது ஆதரிக்கும் மவுஸ்களின் ஆன்போர்டு மெமரியில் எழுதித் தருகிறது; அங்கே முன்னால் இருக்கும் விண்டோவைப் பற்றிய கேள்வியே எழாது. லாஜிடெக் சாதனங்களுக்கான சோலார் நிரலில் இன்ன நிரல் முன்னால் இருந்தால் இன்ன செய் என்று விதி எழுதலாம். ஆனால் திரையில் விண்டோக்களைக் காட்டும் பழைய அமைப்பான எக்ஸ்11 காலத்தில் யார் வேண்டுமானாலும் கேட்கக்கூடியதாக இருந்த "முன்னால் யார்?" என்ற கேள்விக்கு, அதன் இடத்துக்கு வந்த வேலண்டில் எல்லோருக்கும் பதில் கிடைப்பதில்லை. பாதுகாப்புக்காக வேண்டுமென்றே அப்படி வைத்திருக்கிறார்கள். ஒரு நிரல் அடுத்த நிரல் என்ன செய்கிறது என்று எட்டிப் பார்க்கக் கூடாது. யோசித்தால் நியாயம்தான். கீபோர்டு விளக்கின் நிறத்தை மாற்ற வந்த சாஃப்ட்வேர், நான் எந்த நேரத்தில் எந்த நிரலைத் திறக்கிறேன் என்று நாள் முழுக்கக் கவனித்துக்கொண்டிருப்பதை விண்டோஸில் நாம் பெரிதாக யோசிப்பதில்லை.

விளக்கு என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். விண்டோஸ் 11-இல் 2023-இல் வந்த டைனமிக் லைட்டிங், விளக்குகளின் கட்டுப்பாட்டை விண்டோஸே எடுத்துக்கொள்ளும் வசதி. எந்த நிரலுக்கு முன்னுரிமை என்று அங்கே தனியாக ஒரு வரிசை இருக்கிறது. புரொஃபைல் மாறுகிறது, நிறம் மட்டும் மாறவில்லை என்றால் அங்கே போய்ப் பாருங்கள்.

நிறம் மாறாதது சின்ன விஷயம் என்று விட்டுவிடாதீர்கள். ஆர்ஜிபி விளக்குகளை நான் வெகுநாள் கேலி செய்திருக்கிறேன். இப்போது அவற்றுக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறேன். டீஃபால்ட் என்றால் கீபோர்டு மங்கலான வெள்ளை. ஸ்னாப் டேப் போட்ட புரொஃபைல் என்றால் ரத்தச் சிவப்பு. மற்ற கேமெல்லாம் பச்சை. மவுஸின் விளக்கு உள்ளங்கைக்குள் மறைந்துவிடும், அதனால் கீபோர்டுதான். கவுண்டர் ஸ்ட்ரைக்கில் மேட்ச் தேடும் பொத்தானை அழுத்துமுன் கண் ஒரு தடவை கீழே போய் வரும். கடிதம் எழுத உட்காரும்போதும்.

என்னிடம் ஒரு காலத்தில் பதினான்கு புரொஃபைல்கள் இருந்தன. இப்போது மூன்று. மேலாளர் இரண்டு ஜி-க்களையும் பார்த்துவிட்டு விடுப்பு கொடுத்தார். ஜிஜி என்றால் 'குட் கேம்' என்று அவர் மகன் சொல்லியிருக்கிறானாம்.